பேரிளம்பெண்ணுக்குப் பின்: திரையிலும் தொலைக்காட்சியிலும் நடுவயதுப் பெண் பாத்திரங்களும் அவர்களைக் குறிக்கும் சொற்களும்

தமிழ்ப் பாட்டியல் நூல்கள் பெண்ணின் வாழ்நாளை ஏழு பருவங்களாகப் பகுக்கின்றன. பேதை, பெதும்பை, மங்கை, மடந்தை, அரிவை, தெரிவை, பேரிளம்பெண் என்பன அவை. உலா இலக்கியம் இவ்வரிசையையே தன் கட்டமைப்பாகக் கொண்டது. வயது வரம்பில் நூல்களிடையே வேறுபாடு உண்டெனினும், பொதுவாகச் சொல்லப்படும் கணக்கின்படி பேரிளம்பெண் பருவம் 32 வயதில் தொடங்கி 40 வயதில் முடிகிறது. அதற்குமேல் பருவப்பெயர் இல்லை. ஆடவர்க்குரிய வரிசையின் இறுதியில் நிற்கும் ‘முதுமகன்’ என்பதற்கு மேல்வரம்பு சொல்லப்படுவதில்லை என்பது இதனோடு ஒப்பிடத்தக்கது.

நாற்பதைக் கடந்த பெண்ணைக் குறிக்கத் தமிழில் எஞ்சுவன பெரும்பாலும் இருவகைச் சொற்களே. அம்மா, அத்தை, பெரியம்மா, பாட்டி எனும் உறவுமுறைப் பெயர்கள் ஒரு வகை. மூதாட்டி, கிழவி என முதுமையை நேரே சுட்டுவன மற்றொரு வகை. ‘நடுத்தர வயதுப் பெண்’ என்பது எழுத்துநடையில் வழங்கும் தொடர். எவரும் எவரையும் அவ்வாறு அழைப்பதில்லை. இந்தியில் ‘அதேட்’ என்னும் சொல் நடுவயதைக் குறிப்பினும் அதுவும் விளிச்சொல் ஆகாது. அங்கும் ‘மாஜி’, ‘சாச்சி’, ‘ஆன்ட்டி’ ஆகியவையே துணை. இவற்றுள் ‘ஆன்ட்டி’ சில பத்தாண்டுகளுக்கு முன்பு ஆங்கிலம் பயின்ற குடும்பங்களின் மரியாதைச் சொல்லாக இருந்து, பின்னர் இந்திய மொழிகள் பலவற்றிலும் எள்ளல் பொருளும் கொச்சைப் பொருளும் ஏற்று இழிந்தது. ஒரு சொல் இவ்வளவு விரைவில் பொருளிழிவு அடைவதற்கு, அச்சொல் குறிக்கும் மாந்தருக்குச் சமூகம் ஒதுக்கிய இடம் குறுகியிருப்பதும் காரணமாகலாம்.

இந்தியத் திரைப்படமும் தொலைக்காட்சியும் இந்தச் சொல் வெற்றிடத்தை நெடுங்காலம் அப்படியே பிரதிபலித்து வந்தன. அண்மைக் காலத்தில் அப்பாத்திரங்கள் மாறியபோது, அவற்றை ஒரு மொழியிலிருந்து மற்றொரு மொழிக்குக் கொண்டு செல்வோர் முன்னர் அறியாத சிக்கல்களைச் சந்திக்க நேர்ந்தது. அம்மாற்றத்தையும் அச்சிக்கல்களையும் இக்கட்டுரை சில சான்றுகளின் வழியே விளக்க முற்படுகிறது.

தாய் என்னும் வேடம்

இந்தித் திரைப்படத்தில் தாய் என்பது வயதைக் குறித்த சொல்லன்று, பதவியைக் குறித்த சொல். ‘மதர் இந்தியா’ (1957) படத்தில் தாயாக நடித்த நர்கிஸும் மகனாக நடித்த சுனில் தத்தும் 1929 ஜூன் மாதத்தில் சில நாள் இடைவெளியில் பிறந்தவர்கள். படம் வெளிவந்த மறு ஆண்டு இருவரும் மணம் செய்துகொண்டனர். 1976இல் வெளிவந்த ‘கபி கபி’ படத்தில் அமிதாப் பச்சனின் மனைவியாக நடித்த வகீதா ரகுமான், அதே இயக்குநர் யஷ் சோப்ராவின் ‘திரிசூல்’ (1978) படத்தில் அவருக்குத் தாயானார். ‘கபி கபி’யில் அவருடைய காதலியாகவும் ‘திரிசூல்’ படத்தில் அவருக்கு இணையாகவும் நடித்த ராக்கி, ‘சக்தி’ (1982) படத்தில் தாயாக வந்தார். ராக்கி அமிதாப்பைவிட ஐந்து ஆண்டு இளையவர். ‘அக்னிபத்’ (1990) படத்தின் தாயான ரோகிணி ஹட்டங்காடியும் அவரைவிட இளையவரே. ஒப்பனையாளருக்கு வேலை எளிது: காதோரம் சிறிது வெண்மை, ஒரு மூக்குக்கண்ணாடி, ஒரு வெள்ளைப் புடவை.

தமிழில் இதன் உச்சம் கே. பாலசந்தரின் ‘மூன்று முடிச்சு’ (1976). பதின்மூன்று வயதில் அப்படத்தில் நடித்த ஸ்ரீதேவி, ரஜினிகாந்த் ஏற்ற பாத்திரத்தின் தந்தையை மணந்து அவனுக்குச் சிற்றன்னை ஆகிறார். தன்னை விரும்பித் துரத்தியவனுக்குத் தாய் முறையாவதே அப்பெண் அவனுக்கு அளிக்கும் தண்டனை. உறவுமுறைப் பெயர் ஒரு காப்பாகவும் படைக்கலமாகவும் இயங்குவதற்கு இதைவிடத் தெளிவான சான்று காண்பது அரிது. அச்சொல் ஏற்கப்பட்ட கணமே அப்பெண்ணின் வயது பொருளற்றதாகி விடுகிறது.

இத்தாய்மார்க்குக் கதையில் இயற்பெயர் இருந்தாலும் அது வழங்குவதில்லை. நிரூபா ராய் ‘தோ பிகா ஜமீன்’ (1953) படத்தில் உழவனின் மனைவியாகவும், அக்காலப் புராணப் படங்கள் பலவற்றில் தெய்வமாகவும் நடித்தவர். ஆயினும் மக்கள் நினைவில் அவர் ‘தீவார்’ (1975) படத்தின் தாயாகவே நிற்கிறார். அப்படத்தின் புகழ்பெற்ற மோதலில், செல்வத்தை அடுக்கிக் காட்டும் மூத்தவனுக்கு எதிராக இளையவன் முன்வைக்கும் ஒரே உடைமை தாய். இலக்கணப்படி நோக்கினும் அவள் அங்கு உடைமைப் பொருளாகவே நிற்கிறாள்: இந்தியில் ‘என்னிடம்’ என்னும் பொருளுடைய தொடர், மாளிகைக்கும் ஊர்திக்கும் வருவது போலவே தாய்க்கும் வருகிறது. அப்படத்தின் தமிழாக்கமான ‘தீ’ (1981) சௌகார் ஜானகியைத் தாயாக்கியது. இந்தியும் தமிழும் இவ்விடத்தில் ஒரே அமைப்பைக் கொண்டுள்ளமையால் மொழிபெயர்ப்பாளருக்கு இடர் ஏதும் இல்லை. பழைய தாய் பாத்திரம் எம்மொழிக்கும் எளிதில் பெயர்க்கத்தக்கதாக இருந்தது.

இப்பாத்திரங்களை ஏற்போரைக் குறிக்கத் தமிழ்த் திரையுலகம் ‘குணச்சித்திர நடிகை’ என்னும் தொடரைப் படைத்துக்கொண்டது. ‘குணம்’ என்பது இங்கே வயதுக்கு இடக்கரடக்கல். கதாநாயகியாக நடிப்பவருக்குக் குணமும் இல்லை, சித்திரமும் இல்லை போலும். இந்தி வழக்கிலுள்ள ‘சரித்ர அபிநேத்ரி’ என்பதும் அவ்வாறானதே.

தொலைக்காட்சியும் வயதின் பாய்ச்சலும்

தூர்தர்ஷனின் முதல் நெடுந்தொடரான ‘ஹம் லோக்’ (1984-85) நடுவயதுப் பெண்ணைக் கதையின் ஓரத்தில் வைக்கவில்லை. அடுத்து வந்த ‘புனியாத்’ (1986-87) லாஜோஜி என்னும் பெண்ணை இளமை முதல் முதுமை வரை தொடர்ந்தது. 1998இல் நீனா குப்தா தாமே இயக்கி நடித்த ‘சான்ஸ்’, கணவனால் வஞ்சிக்கப்பட்ட நடுவயது மனைவியை மையமாக்கியது. தமிழில் ராதிகாவின் ராடான் நிறுவனம் தயாரித்து அவரே நடித்த ‘சித்தி’ (1999-2001) இவ்வகையில் குறிப்பிடத்தக்கது. திரைப்படத்தில் நாயகிக்குரிய வயது கடந்துவிட்டதெனக் கருதப்பட்ட நிலையில், சின்னத்திரை நாள்தோறும் ஒரு முதன்மைப் பாத்திரத்தை வழங்கியது. வீட்டிலிருந்து பார்ப்போர் பெரும்பாலும் பெண்கள் என்பதே அதற்குரிய பொருளாதாரக் காரணம்.

‘சித்தி’ என்னும் தலைப்பு மொழியியலார் கருதத்தக்கது. தாயின் தங்கையையும் தந்தையின் இரண்டாம் மனைவியையும் அச்சொல் ஒருங்கே குறிக்கும். இந்தியில் முன்னவள் ‘மௌசி’, பின்னவள் ‘சௌதேலி மா’. இந்தியில் மாற்றாந்தாயைக் குறிக்கும் சொல்லிலேயே பகைமை ஏறியிருக்கத் தமிழ்ச்சொல் அன்புக்கும் ஐயத்துக்கும் நடுவில் நிற்கிறது. அத்தொடரின் கதை இயங்குவதும் அவ்விடைவெளியில்தான்.

2000 ஜூலையில் தொடங்கி 2008 வரை ஒளிபரப்பான ‘க்யோங்கி சாஸ் பி கபி பஹூ தீ’ (மாமியாரும் ஒருகாலத்தில் மருமகளே என்பது பொருள்) வயதைக் கையாண்ட முறை வேறானது. கதை ஒரே இரவில் பல ஆண்டுகளைத் தாண்டும், நடிகையர் மாறமாட்டார்கள். இருபதுகளில் இருந்த ஸ்மிருதி இரானி மருமகளாகத் தொடங்கி மாமியாராகவும் பாட்டியாகவும் உயர்ந்தார். கூந்தலில் ஒரு நரைக்கீற்று இருபது ஆண்டுகளுக்கு ஈடாயிற்று. 2025 ஜூலையில் அத்தொடர் மீண்டும் தொடங்கியபோது அவருக்கு வயது 49. முன்பு வேடமாக அணிந்த வயதை நடிகை இப்போது தாமே அடைந்திருந்தார்.

தலைப்பில் ‘சாஸ்’, ‘பஹூ’ என்னும் இரு சொற்களும் குறிப்புப் பெயர்கள். தமிழில் ‘மாமியார்’ குறிப்புச்சொல்லே அன்றி விளிச்சொல் அன்று. மாமியாரை விளிக்கையில் அத்தை, மாமி, அம்மா என வட்டாரத்துக்கும் சமூகத்துக்கும் ஏற்பச் சொல் மாறும். ‘தாதி’, ‘நானி’ எனத் தந்தைவழியையும் தாய்வழியையும் பிரித்துக் காட்டும் இந்திச் சொற்களுக்குப் பொதுத்தமிழில் ‘பாட்டி’ ஒன்றே உண்டு. அப்பத்தா, அப்பாயி, அம்மாச்சி, அம்மம்மா ஆகியவற்றில் ஒன்றைத் தேர்ந்தால் பாத்திரம் உடனே தமிழகத்தின் ஒரு வட்டாரத்துக்கு உரியதாகிவிடும். ‘பாலிகா வது’ (2008-2016) தொடரில் சுரேகா சிக்ரி ஏற்ற ‘தாதிசா’ பாத்திரத்தில் இச்சிக்கல் முற்றி நிற்கிறது. ‘சா’ என்பது இராஜஸ்தானி மரியாதை விகுதி. அவளுடைய அதிகாரம், சாதிப்பெருமை, மண் ஆகிய மூன்றையும் அவ்வோரசை தாங்குகிறது. ‘பாட்டி’ என்றால் அதிகாரம் போகும். ‘அப்பத்தா’ என்றால் மண் மாறும்.

ஒரு கதை, ஏழு தலைப்புகள்

நடுவயதுப் பெண்ணை இந்திய மொழிகள் எவ்வாறு பெயரிடுகின்றன என்பதை ஒப்புநோக்க, ஏறத்தாழ ஓர் ஆய்வுக்கூடச் சோதனை போன்ற வாய்ப்பு அண்மையில் வாய்த்தது. 2019இல் வங்காளியில் ‘ஸ்ரீமயீ’ என்றொரு தொடர் வந்தது. எழுதியவர் லீனா கங்கோபாத்யாய். முதன்மைப் பாத்திரம் ஏற்றவர் இந்திராணி ஹல்தார். வளர்ந்த பிள்ளைகளையுடைய ஓர் இல்லத்தரசி. அவள் உழைப்பைக் குடும்பம் பொருட்படுத்துவதில்லை. கணவனுக்கு வேறொரு பெண்ணுடன் உறவு. அதனை அறிந்தபின் தன் வாழ்வைத் தானே அமைக்க முற்படுகிறாள். இக்கதைக்கரு ஏறத்தாழ ஓராண்டில் மராத்தி, கன்னடம், மலையாளம், தெலுங்கு, தமிழ், இந்தி ஆகிய மொழிகளில் மறுவாக்கம் பெற்றது. கதை ஒன்றாயினும் தலைப்புகள் ஒன்றுக்கொன்று மொழிபெயர்ப்பல்ல.

வங்காளி, இந்தி, தமிழ் ஆகிய மூன்றும் நாயகியின் இயற்பெயரையே தலைப்பாக்கின: ‘ஸ்ரீமயீ’, ‘அனுபமா’, ‘பாக்கியலட்சுமி’. மூன்று பெயரும் ஒரே தன்மையன அல்ல. ‘ஸ்ரீமயீ’ திருவே உருவானவள், ‘அனுபமா’ உவமையற்றவள். இந்திப் பெயர் பெண்ணை வீட்டோடு பிணைக்காமல் அவளுடைய தனித்தன்மையைச் சொல்கிறது. தமிழ்ப் பெயரோ அவளால் வீட்டுக்கு வரும் பேற்றைச் சொல்கிறது. எனினும், 2020 முதல் 2025 வரை நீடித்த தமிழ்த் தொடரில் ‘பாக்கியா’ என்னும் சுருக்கப்பெயர் வழங்கியதால் ‘லட்சுமி’ உதிர்ந்து, அப்பெயர் புழக்கத்தில் பெரிதும் தனியாளின் பெயராயிற்று.

தெலுங்கு ‘இன்டின்டி க்ருஹலக்ஷ்மி’, மலையாளம் ‘குடும்பவிளக்கு’ ஆகியவற்றில் இயற்பெயர் இல்லை. வீடுதோறும் இருக்கும் மனைத்திரு என்பது தெலுங்குத் தலைப்பு. அது நாயகியை ஒரு வகையின் மாதிரியாக்குகிறது. மலையாளத் தலைப்பைத் தமிழர்க்கு விளக்க வேண்டுவதில்லை. பாரதிதாசனின் ‘குடும்ப விளக்கு’ நூற்பெயரால் அத்தொடர் நமக்கு முன்னரே பழக்கமானது. விளக்கு பிறர்க்கு ஒளி தருவது. தன்னைக் காட்டுவதற்காக ஏற்றப்படுவதன்று. கதை இவ்வுருவகத்தை ஏற்கிறதா, கேள்விக்கு உட்படுத்துகிறதா என்பது தலைப்பினால் விளங்காது.

மராத்தித் தலைப்பு ஒரு வினா: ‘ஆயீ குடே காய் கர்த்தே!’ தமிழில் ‘அம்மா எங்கே என்ன செய்கிறாள்!’ எனச் சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் அது ஓர் உளவாளியின் வினாவாகிவிடும். மராத்தியில் ‘குடே’ (எங்கே) என்பது இவ்விடத்தில் இடத்தைக் கேட்பதன்று, மறுப்பைக் குறிப்பது. ‘அம்மா அப்படி என்னதான் செய்துவிடுகிறாள்’ என்பதே பொருள். தமிழிலும் ‘அவன் எங்கே வேலை செய்கிறான்’ என்று சோம்பேறியைச் சொல்லும்போது ‘எங்கே’ மறுப்பாகிறது; ஆயினும் ‘என்ன’வோடு சேர்ந்து வருகையில் அப்பொருள் தோன்றுவதில்லை. மராத்தித் தலைப்பு குடும்பத்தாரின் குரலில் அமைந்தது. உறவுப்பெயரையே வைத்துக்கொண்டு அவ்வுறவின் அலட்சியத்தையும் அது காட்டிவிடுகிறது.

இவற்றுள் மிகவும் துணிந்தது கன்னடம்: ‘இந்தி நிம்ம ஆஷா’. ‘இங்ஙனம், தங்கள் ஆஷா’ எனக் கடிதத்தின் இறுதியில் ஒப்பமிடும் வாய்பாடு அது. பெண் தன்மையில் பேசி, தன் பெயரைத் தானே எழுதுகிறாள். ஏனைய ஆறு தலைப்புகளிலும் பெயரை வேறொருவர் சொல்கிறார், அல்லது பெயரே இல்லை. கடிதம் எழுதும் வழக்கம் அருகிய காலத்தில் இவ்வாய்பாட்டின் பொருளை இளைய பார்வையாளர் எவ்வளவு உணர்ந்திருப்பர் என்பது வேறு.

இந்த ஏழும் ஒரே ஒளிபரப்புக் குழுமத்தைச் சார்ந்த அலைவரிசைகளில் வந்தவை. ஆகவே தலைப்பு வேறுபாட்டை நிறுவன வேறுபாட்டால் விளக்க இயலாது. ஒவ்வொரு மொழியிலும் அப்பெண்ணுக்கு வணிக நோக்கில் ஏற்புடையதாகத் தோன்றிய இடம் எது என்பதை அவை காட்டுகின்றன.

பெயரை மீட்கும் படங்கள்

கௌரி ஷிண்டே இயக்கிய ‘இங்கிலீஷ் விங்கிலீஷ்’ (2012) நடுவயதுப் பெண்ணின் சிக்கலை மொழிச்சிக்கலாகவே முன்வைத்தது. பதின்மூன்று வயதில் சிற்றன்னையாக நடித்த அதே ஸ்ரீதேவி, நாற்பத்தொன்பதாம் வயதில் ஆங்கிலம் அறியாத தாயாக, லட்டு செய்து விற்பவராகத் திரும்பி வந்தார். ‘ஜாஸ்’ என்னும் இசைப்பெயரை அவர் பிழையாக ஒலித்ததும் வீட்டார் சிரிக்கின்றனர். நியூயார்க்கில் நான்கு வார ஆங்கில வகுப்பில் தாம் செய்துவந்தது தொழில்முனைவு என்பதற்கான ஆங்கிலச் சொல்லை அறிகிறார். கணவனும் பிள்ளைகளும் தராத ஒரு பெயர் அயல்மொழியிலிருந்து கிடைக்கிறது. அச்சொல்லைத் ‘தொழில்முனைவோர்’ எனத் தமிழாக்கினால் பொருள் வரும். ஆனால் நாவில் புரளாத நெடிய அயற்சொல்லை அவர் உச்சரித்துப் பழகும் காட்சியின் சுவை போய்விடும்.

தலைப்பும் ஆராயத்தக்கது. முதலெழுத்தை மாற்றி இரட்டிக்கும் எதிரொலிச் சொற்கள் இந்திய மொழிகளின் பொதுக்கூறு என்பதை எமனோ 1956இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரை சுட்டியது. இந்தியில் எதிரொலி வகரத்தால் அமையும்: ‘சாய் வாய்’. தமிழில் ‘கி’, ‘கீ’ வரும்: ‘காபி கீபி’. தமிழ் வழக்குப்படி ‘இங்கிலீஷ் கிங்கிலீஷ்’ என்றே வரவேண்டும். தமிழ்ப் பதிப்பும் இந்தித் தலைப்பையே கொண்டு வெளிவந்தது. வணிகக் காரணம் வெளிப்படை. ஆயினும் ஆங்கிலத்தை இலேசாக எள்ளும் தொனி தமிழ்க் காதுக்கு எட்டவில்லை.

ஆங்கிலமே பெண்ணுக்கு உறவற்ற விளியைத் தந்த முந்தைய சான்று அபர்ணா சென்னின் ‘36 சௌரங்கி லேன்’ (1981). ஜெனிஃபர் கெண்டல் ஏற்ற ஆங்கிலோ-இந்திய ஆசிரியை அதில் யாருக்கும் தாய் அல்லள். ‘மிஸ்’ என்னும் விளி அவளுடைய தனிமையையும் தன்மதிப்பையும் ஒருங்கே காட்டும். தமிழகப் பள்ளிகளில் ‘மிஸ்’ வேரூன்றிவிட்டமையால் அச்சொல்லைப் பெயர்க்காமல் விடுவதே நன்று.

அலங்கிருதா ஸ்ரீவாஸ்தவாவின் ‘லிப்ஸ்டிக் அண்டர் மை புர்கா’ 2017இல் தணிக்கை வாரியத்தால் முதலில் சான்று மறுக்கப்பட்டு, மேல்முறையீட்டுக்குப்பின் வெளிவந்தது. அதில் ரத்னா பாட்டக் ஷா ஏற்ற 55 வயதுக் கைம்பெண்ணை அக்கம்பக்கம் முழுவதும் ‘புவாஜி’ என்றே அழைக்கிறது. நீச்சல் பயிற்சியில் சேரும்போது பெயர் கேட்கப்பட்டுத் தயங்கிப் பின் ‘உஷா’ என்கிறாள். உறவுப்பெயர் இயற்பெயரை விழுங்கிவிட்டதை இந்த ஒரு தயக்கம் உணர்த்துகிறது. ‘புவா’ தந்தையின் உடன்பிறந்தாள். தமிழில் ‘அத்தை’ என்றால் தந்தையின் உடன்பிறந்தாளும் மாமியும் மாமியாரும் அடங்குவர்; அத்தை மகன் முறைமாப்பிள்ளை. வட இந்திய இந்துக் குடும்ப முறையில் புவாவின் மக்கள் உடன்பிறந்தார் நிலையினர். திருமண உறவின் சாயல் சிறிதும் படாத, ஆசையற்றவளாகக் கருதப்படும் ‘புவாஜி’யை ‘அத்தை’ என்றதும் தமிழில் வேண்டாத மணவுறவுச் சாயல் வந்து சேரும். ‘பெரியம்மா’ என்றால் அச்சாயல் நீங்கும், ஆனால் உறவு பிழையாகும். இவ்விடத்தில் ‘பெரியம்மா’வின் பிழையே மேல் எனத் தோன்றுகிறது. ஊரே அழைக்கும் பெயராதலின் உறவின் துல்லியத்தைவிட அதன் தொனியே முதன்மையானது.

ஷெஃபாலி ஷா ‘வக்த்’ (2005) படத்தில் தம்மைவிட மூத்தவரான அக்ஷய் குமாருக்குத் தாயானவர். ‘டெல்லி கிரைம்’ (2019) தொடரில் அவரே காவல் துணை ஆணையர். கீழ்நிலைக் காவலர் அவரை ‘மேடம் சார்’ என்கின்றனர். பாலும் பதவியும் மோதுகையில் பேச்சுவழக்கு இரண்டையும் அடுக்கிவிடுகிறது. தமிழகக் காவல்துறைப் பேச்சில் ‘அம்மா’ அவ்விடத்துக்கு வரக்கூடியது. ஆனால் அது பாத்திரத்தை மீண்டும் பழைய இருக்கையில் அமர்த்திவிடும்.

தலைப்பு மாற்றத்தில் தமிழ் வெற்றி கண்ட இடமும் உண்டு. நீனா குப்தா 2017இல் தமக்கு நல்ல வேடங்கள் வேண்டுமெனச் சமூக ஊடகத்தில் வெளிப்படையாகக் கேட்டார். மறு ஆண்டு ‘பதாயி ஹோ’ வந்தது. வளர்ந்த மகனுடைய தாய் கருவுறுகிறாள், குடும்பம் நாணுகிறது. ‘வாழ்த்துகள்’ என்னும் அத்தலைப்பு தமிழில் ‘வீட்ல விசேஷம்’ (2022) ஆயிற்று. ‘விசேஷம்’ என்பது கருவுற்றதற்குத் தமிழ்க் குடும்பங்கள் வழங்கும் இடக்கரடக்கல். சொல்லவும் வேண்டும், சொல்லவும் கூடாது என்னும் கதையின் நெருக்கடி இந்தித் தலைப்பைவிடத் தமிழில் செறிவாக அமைந்தது.

அத்தமிழ்ப் படத்தின் தாய் ஊர்வசி. ‘முந்தானை முடிச்சு’ (1983) படத்தின் நாயகி. 2023ஆம் ஆண்டுக்கான தேசியத் துணைநடிகை விருது ‘உள்ளொழுக்கு’ என்னும் மலையாளப் படத்துக்காக அவருக்குக் கிடைத்தது. அதில் அவர் ஏற்றது மருமகளோடு வெள்ளம் சூழ்ந்த வீட்டில் இருக்கும் மாமியார் வேடம், பெயர் லீலாம்மா. அன்னம்மா, ஏலியாம்மா, சாராம்மா என்பன போல மலையாளக் கிறித்தவப் பெயர்களில் ‘அம்மா’ என்பது பிறந்தது முதல் இயற்பெயரின் பகுதி, தாய்மையைக் குறிப்பதன்று. தமிழ்த் துணையுரை எழுதுவோர் அதனை ‘லீலா அம்மா’ எனப் பிரித்து எழுதினால், அப்பெண்ணின் சொந்தப் பெயர் ஒரு சொல்லிடைவெளியால் உறவுமுறைப் பெயராகிவிடும்.